தீர்ப்பில் சர்வே எண் மாறிவிட்டதா? அப்பீல் வேண்டாம், 152 மனு போடுங்கள்

வழக்கு ஜெயித்ததும் தீர்ப்பு நகலை ஒரு பையில் போட்டு பீரோவுக்குள் வைத்துவிடுவதுதான் நம் பக்கம் வழக்கம். பிறகு சில வருடம் கழித்து, தீர்ப்பை நிறைவேற்றித் தரும் கோர்ட் ஊழியரான அமீனாவைக் கூட்டிக்கொண்டு வயலுக்குப் போய் நிற்கும்போது தெரியவரும், தீர்ப்பாணையின், அதாவது தீர்ப்பின் முடிவை மட்டும் எடுத்து எழுதும் டிக்ரியின், சொத்து விவரத்தில் 112/3 என்று இருக்க வேண்டிய சர்வே எண் 121/3 என்று விழுந்திருக்கிறது. 121/3 வேறு யாருடைய நஞ்சையோ. அமீனா வாரண்டைத் திருப்பிவிடுவார், அவரைச் சொல்லிக் குற்றமில்லை, காகிதத்தில் எந்த நிலம் இருக்கிறதோ அதைத்தான் அவர் ஒப்படைக்க முடியும். தீர்ப்பை நடைமுறைப்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு நடக்கும் கோர்ட்டும் தீர்ப்பாணையில் உள்ளதை மாற்றிப் படித்து உங்களுக்கு உதவாது. ஒரு தலைமுறை நடந்த வழக்கு இரண்டு எண் இடம் மாறியதால் அப்படியே நிற்கும்.

இதற்கு அப்பீல் போக வேண்டாம், புது வழக்கும் வேண்டாம். 1908-ஆம் வருடத்து உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில், அதாவது வக்கீல்கள் சி.பி.சி. என்று சொல்வதில், 152-ஆவது பிரிவு இதற்காகவே இருக்கிறது. தீர்ப்பிலோ தீர்ப்பாணையிலோ உத்தரவிலோ எழுத்துப் பிழை, கணக்குப் பிழை, அல்லது கைதவறி வந்த பிழை, கவனிக்காமல் விட்டுப்போனது, இவற்றில் எது இருந்தாலும் அந்த கோர்ட்டே எந்த நேரத்திலும் திருத்தலாம். கோர்ட் தானாகவும் திருத்தலாம், வழக்கில் உள்ள யாராவது மனு கொடுத்தும் திருத்தலாம். "எந்த நேரத்திலும்" என்று சட்டமே சொல்வதால் இந்த மனுவுக்குக் காலக்கெடு கிடையாது. தீர்ப்புச் சொன்ன நீதிபதி மாற்றலாகிப் போயிருந்தாலும், ஓய்வு பெற்றிருந்தாலும் பரவாயில்லை, இப்போது அந்த நாற்காலியில் இருப்பவர் திருத்துவார்.

சிலர் பெஞ்ச் கிளார்க்கைப் பார்த்து, "சார், ஒரு எண்தானே, பேனாவால் திருத்திக் கொடுங்கள்" என்று கேட்கிறார்கள். கேட்காதீர்கள். நீதிபதி கையெழுத்துப் போட்ட தீர்ப்பை 152-ன் கீழோ மறுஆய்விலோ தவிர வேறு எந்த வழியிலும் மாற்றக்கூடாது என்று அதே சட்டத்தின் ஆணை 20 விதி 3 சொல்கிறது. ஊழியர் இரக்கப்பட்டுத் திருத்தினால் அவர் வேலைக்கும் ஆபத்து, உங்கள் தீர்ப்பாணை மேலும் சந்தேகம் வரும். நகலில் நீங்களே திருத்திக்கொள்வது அதைவிட மோசம், அது கிரிமினல் வழக்கில் போய் முடியும்.

எதைத் திருத்தலாம், எதைத் திருத்த முடியாது

பாதி மனுக்கள் தள்ளுபடியாவது இந்த வித்தியாசம் புரியாமல்தான், அதனால் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். கேள்வி ஒன்றுதான்: நீதிபதி சொல்ல வந்தது ஒன்று, காகிதத்தில் விழுந்தது வேறு என்பது வழக்குக் கட்டைப் புரட்டினாலே தெரிகிறதா? வாதி முதலில் தாக்கல் செய்த பிராதில் 112/3, வா.சா.ஆ.1 ஆக, அதாவது வாதி தரப்பின் முதல் சான்றாவணமாகக் குறியீடு செய்த கிரயப் பத்திரத்தில் 112/3, தீர்ப்பின் பத்திகளிலும் 112/3, தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில் மட்டும் 121/3 என்றால் அதற்கு வாதமே தேவையில்லை. அசல் 2,40,000, வட்டி 85,000, செலவு 30,000 என்று தீர்ப்பே பட்டியல் போட்டுவிட்டு மொத்தம் 3,45,000 என்று முடித்திருந்தால் அது கணக்குப் பிழை, கூட்டிப் பார்த்தால் 3,55,000 வரும். வாதியின் தகப்பனார் பெயர் மாறியிருப்பது, முன்னெழுத்து 'கோ' என்பது 'கே' ஆனது, கிரயத் தேதியில் வருடம் தவறியது, மூன்றாம் பிரதிவாதி செய்ததை இரண்டாம் பிரதிவாதி செய்ததாக ஓரிடத்தில் எழுதியது, இவை எல்லாம் இந்த வகை.

இன்னொரு வகையைப் பலர் கவனிப்பதில்லை. தீர்ப்பில் நீதிபதி விளம்புகை (உரிமை இன்னாருக்கு என்று அறிவிப்பது), நிரந்தர உறுத்துக்கட்டளை (எதிர்த் தரப்பு தலையிடக்கூடாது என்ற தடை) இரண்டையும் கொடுத்திருப்பார், தீர்ப்பாணை தயாரிக்கும்போது முதலாவது மட்டும் ஏறியிருக்கும். அல்லது "செலவுத்தொகையுடன்" என்று தீர்ப்பில் இருக்கும், தீர்ப்பாணையில் காணோம். தீர்ப்பாணை தீர்ப்போடு ஒத்திருக்க வேண்டும் என்பது ஆணை 20 விதி 6. இந்த மாதிரி விட்டுப்போனதைச் சேர்க்கக் கேட்பது உங்கள் உரிமை, தயங்க வேண்டாம்.

ஆனால் நீதிபதி கொடுக்காததை 152-ல் கேட்டு வாங்க முடியாது. வழக்கு நடந்த காலத்துக்கு வட்டி தரவில்லை என்றால், அது மறந்துபோய் விடுபட்டதாக உங்களுக்குத் தோன்றலாம், கேட்டும் தராவிட்டால் மறுத்ததாகத்தான் சட்டம் எடுத்துக்கொள்ளும். துவாரகா தாஸ் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கில் 1999-ல் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது: விசாரணை நீதிமன்றம் தீர்ப்பில் தராத வட்டியை பிற்பாடு 152-ன் பேரில் சேர்த்தது செல்லாது. அதே போலப் பாகப்பிரிவினையில் நான்கு பேருக்கும் சமம் என்று எழுதிவிட்டு முடிவில் ஆளுக்கு 1/5 என்று போட்டிருந்தால் திருத்தலாம். மகளுக்குப் பங்கே குறைவு என்று சட்டத்தைத் தவறாகப் புரிந்துகொண்டு 1/12 கொடுத்திருந்தால் அது எவ்வளவு அநியாயமாக இருந்தாலும் எழுத்துப் பிழை ஆகாது, அப்பீல்தான் வழி. சாட்சியை நம்பியது தப்பு, ஆவணத்தைப் பார்க்கவே இல்லை என்பவையும் அப்பீல் விஷயங்கள்.

நடுவில் மறுஆய்வு என்று ஒன்று இருக்கிறது, ஆணை 47. பதிவைப் பார்த்தவுடன் தெரிகிற பிழை, எவ்வளவு முயன்றும் முன்பு கிடைக்காத புது ஆதாரம் போன்ற காரணங்களுக்கு அதே கோர்ட்டிலேயே கேட்பது. அதற்கு 30 நாள்தான் காலம். உங்கள் பிழை எழுத்துப் பிழையா அதற்கு மேற்பட்டதா என்று சந்தேகம் இருந்தால் அந்த 30 நாளுக்குள் வக்கீலிடம் காட்டி முடிவெடுங்கள். முக்கியமான எச்சரிக்கை: 152 மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காக அப்பீல் காலம் நின்றுவிடாது. கீழ் கோர்ட்டிலிருந்து சார்பு நீதிமன்றத்துக்கோ மாவட்ட நீதிமன்றத்துக்கோ அப்பீல் என்றால் 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள், நகல் வாங்க ஆன நாளை மட்டும் கழித்துக்கொள்ளலாம். திருத்த மனு ஒரு பக்கம் நடக்கட்டும், அப்பீலுக்குக் காரணம் இருந்தால் அதையும் காலத்துக்குள் போட்டுவிட வேண்டும்.

நம் பக்கத்து நிலங்களில் எங்கே பிழை வருகிறது

தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை என்று நான்கு மாவட்டத்திலும் சிவில் வழக்கு என்றாலே பெரும்பாலும் நஞ்சை, மனைக்கட்டு, வாய்க்கால் வழி, பாகப்பிரிவினை. நிலத்தின் விவரம் எத்தனை முறை கை மாறுகிறது என்று பாருங்கள்: பழைய பத்திரத்திலிருந்து குமாஸ்தா பிராதுக்கு எடுத்து எழுதுகிறார், அதிலிருந்து தீர்ப்புக்கு, தீர்ப்பிலிருந்து தீர்ப்பாணைக்கு, நடுவில் தமிழிலிருந்து ஆங்கிலத்துக்கும் திரும்பத் தமிழுக்கும். ஒவ்வொரு முறையும் ஒரு பிழை நுழைய இடம் இருக்கிறது.

முதலில் பரப்பளவு. தாத்தா காலத்துப் பத்திரத்தில் வேலி, மா, குழி என்றிருக்கும். 144 சதுர அடி ஒரு குழி, 100 குழி ஒரு மா, 20 மா ஒரு வேலி. அப்படிப் பார்த்தால் ஒரு மா ஏறக்குறைய 33 சென்ட், மூன்று மா கிட்டத்தட்ட ஒரு ஏக்கர், ஒரு வேலி 6.6 ஏக்கர் சொச்சம். பட்டாவிலோ ஹெக்டேரும் ஏரும். ஒரு ஏக்கர் என்பது 40.47 ஏர், அது பட்டாவில் 0.40.5 என்று வரும், டைப் செய்கிறவர் 0.04.5 என்று தட்டினால் ஒரு ஏக்கர் நிலம் வெறும் பதினோரு சென்ட்டாகக் குறைந்துவிடும். உங்கள் தீர்ப்பாணையில் ஏக்கரும் ஹெக்டேரும் இரண்டும் இருந்தால் உட்கார்ந்து பெருக்கிப் பாருங்கள். இரண்டும் ஒத்துவரவில்லை என்றாலே பிழை அங்கே இருக்கிறது, அதை நிரூபிக்க வேறு சாட்சி தேட வேண்டியதில்லை.

நாலெல்லை அடுத்தது. பழைய பத்திரங்களில் "இன்னார் நிலத்துக்கு வடக்கு, வாய்க்காலுக்குத் தெற்கு" என்று எழுதுவார்கள். நம் நிலம் அவருடைய நிலத்துக்கு வடக்கே இருக்கிறது, ஆகவே நமக்குத் தெற்கில் அவர் நிலம், வடக்கில் வாய்க்கால். இதை அவசரத்தில் "வடக்கில் இன்னார் நிலம், தெற்கில் வாய்க்கால்" என்று மாற்றி எழுதினால் நிலமே தலைகீழாகப் புரண்டுவிடும். பாசன வழக்குகளில் இது பெரிய வில்லங்கம், தலைமடை எது கடைமடை எது என்பதே மாறிப்போகும். எல்லையை மட்டும் தனியாகப் பத்திரத்தோடு வைத்து ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள்.

அப்புறம் ஊர்ப் பெயர். கீழ, மேல, வட, தென் என்று முன்னால் சேர்ந்த ஊர்கள் இங்கே எவ்வளவு! மன்னார்குடிப் பக்கம் முதல் சேத்தி, இரண்டாம் சேத்தி என்று வருவாய்க் கிராமமே பிரிந்திருக்கும். சேத்தி மாறினால் அதே சர்வே எண்ணில் வேறு நிலம் நிற்கும், ஆகவே ஊர்ப் பெயர்ப் பிழையைச் சின்னது என்று விடாதீர்கள்.

பிழை போலத் தெரிகிற, ஆனால் பிழை அல்லாத இரண்டு விஷயங்கள் உண்டு. ஒன்று மாவட்டம். நாகப்பட்டினம் 1991-லும் திருவாரூர் 1997-லும் தனி மாவட்டம் ஆயின, மயிலாடுதுறை 2020 டிசம்பரில்தான் ஆனது. 1985-ல் வந்த தீர்ப்பில் திருவாரூர் நிலத்துக்கு "தஞ்சாவூர் மாவட்டம்" என்று இருந்தால் அன்றைக்கு அது சரி, அதைத் திருத்தச் சொல்லி மனுப் போட வேண்டியதில்லை. இன்னொன்று, பழைய சர்வே எண்ணும் புது எண்ணும். நில அளவைப் பதிவுகள் புதுப்பிக்கப்பட்டபோது எண்ணும் உட்பிரிவும் மாறிய நிலங்கள் நிறைய. தீர்ப்பில் பழைய எண் சரியாகவே இருந்து இன்றைய பட்டாவில் புது எண் இருந்தால் கோர்ட் தவறு செய்யவில்லை. தாலுகா அலுவலகத்தில் பழைய எண்ணுக்குப் புது எண் எது என்பதற்கு ஒப்பீட்டு விவரம் வாங்கி நிறைவேற்று மனுவோடு வைப்பதில் பல நேரம் வேலை முடிந்துவிடும். அதையும் ஏற்கவில்லை என்றால்தான் திருத்த மனு.

பிராதிலேயே தப்பு இருந்தால்

இது கொஞ்சம் சிக்கல். கோர்ட் தப்பு செய்யவில்லை, நம் பக்கம் கொடுத்த சொத்து விவரமே தவறு, அதைக் கோர்ட் அப்படியே எடுத்து எழுதிவிட்டது. இதற்கு வழியே இல்லை என்று சொல்லி அனுப்பிவிடுகிறவர்கள் இருக்கிறார்கள், அது சரியில்லை. பிரதிபா சிங் எதிர் சாந்தி தேவி பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம், அசையாச் சொத்து வழக்கில் நிலம் சரியாக அடையாளம் காட்டப்படாமல் தீர்ப்பாணை வந்துவிட்டால் அந்தக் குறையைச் சரிசெய்ய முடியும், ஜெயித்த வாதி பலனை இழக்கக்கூடாது, வழக்கின் தன்மையைப் பொறுத்து 152-ஐயோ 47-ஐயோ நாடலாம் என்று சொல்லியிருக்கிறது. 47 என்பது நிறைவேற்றும் கோர்ட்டே இந்தக் கேள்விகளை முடிவு செய்யும் பிரிவு. இங்கே பிராதையும் சேர்த்துத் திருத்தக் கேட்க வேண்டும், இல்லையென்றால் தாய்க் காகிதம் ஒன்றும் தீர்ப்பாணை ஒன்றும் பேசும். 152-உடன், கோர்ட்டின் பொது அதிகாரத்தையும் வழக்குக் காகிதங்களைத் திருத்துவதையும் பற்றிய 151, 153, ஆணை 6 விதி 17 ஆகியவற்றையும் மனுவில் குறிப்பிடுவது அதற்காகத்தான். ஆனால் இரு தரப்பும் எந்த நிலத்தைப் பற்றிச் சண்டை போட்டார்கள் என்பதில் சந்தேகம் இருக்கக்கூடாது. பிராதுக்குக் கொடுத்த பதிலான எதிர்வாதுரையில் எதிர்த் தரப்பே சரியான எண்ணைச் சொல்லியிருந்தால், அல்லது கோர்ட் நியமித்த ஆணையர் போய் அளந்த வரைபடம் கட்டில் இருந்தால், உங்கள் கை ஓங்கியிருக்கும்.

பிழை கிரயப் பத்திரத்திலேயே இருந்தால் கதை வேறு. எழுதிக் கொடுத்தவரோ அவர் வாரிசுகளோ ஒத்துழைத்தால் சார்பதிவாளர் அலுவலகத்தில் பிழைத்திருத்தல் பத்திரம் போடலாம். மறுத்தால் 1963-ஆம் வருடத்து குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் 26-ஆவது பிரிவில் தனி வழக்கு. தீர்ப்பைத் திருத்திப் பத்திரத்தைச் சரிசெய்ய முடியாது.

மனு போடுவதற்கு முன்

முதலில் நகல் மனு போட்டுத் தீர்ப்பு, தீர்ப்பாணை, பிராது இவற்றின் சான்றிட்ட நகல் வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் தளத்தில் 16 எழுத்து கொண்ட சி.என்.ஆர். எண்ணைத் தட்டினால் இறங்கும் காகிதம் படித்துப் பார்க்க மட்டும் உதவும், மனுவோடு வைக்க அது போதாது. பழைய வழக்கு என்றால் கட்டு மாவட்டப் பதிவறைக்குப் போயிருக்கும், எடுத்து வர நாளாகும், கட்டை அழித்துவிட்டார்கள் என்ற பதிலும் வரலாம். அப்படி வந்தால் பீரோவில் இருக்கிற பழைய சான்றிட்ட நகல்தான் தங்கம், அதைத் தேடி எடுங்கள்.

நகல் கையில் வந்ததும் பென்சில் எடுத்துக்கொண்டு தீர்ப்பாணையை வரி வரியாகப் பிராதோடும் பத்திரத்தோடும் ஒப்பிடுங்கள். ஒரு பிழைக்கு மனுப் போட்டு வாங்கிய பிறகு இன்னொன்று கண்ணில் பட்டால் மறுபடியும் முதலிலிருந்து நடக்க வேண்டும். வழக்கு எண், தரப்பினர் பெயர், தகப்பனார் பெயர், முகவரி, கிராமம், வட்டம், சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நாலெல்லை, தொகை, வட்டி, தேதி, செலவுத்தொகை என்று எல்லாவற்றையும் பார்த்துவிடுங்கள்.

எந்தக் கோர்ட்டில் போடுவது என்பதிலும் தடுமாற்றம் வரும். அப்பீல் போகாத வழக்கு என்றால் தீர்ப்பு கொடுத்த கோர்ட், கும்பகோணம் மாவட்ட முன்சீப் கோர்ட் என்றால் அங்கேதான். அப்பீல் முழு விசாரணை நடந்து முடிந்திருந்தால் கீழ் கோர்ட் தீர்ப்பாணை மேல் கோர்ட் தீர்ப்பாணைக்குள் அடங்கிவிடும், ஆகவே மேல் கோர்ட்டில் கேட்க வேண்டும். அப்பீலை ஆணை 41 விதி 11-ன் கீழ் ஆரம்பத்திலேயே, நோட்டீஸ் கூடப் போகாமல் தள்ளுபடி செய்திருந்தால் 153-ஏ பிரிவின்படி கீழ் கோர்ட்டே திருத்தலாம். உயர் நீதிமன்றம்வரை போன வழக்கு என்றால் இன்னொன்றைக் கவனியுங்கள், தஞ்சாவூர் மாவட்டத்து வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை வழக்குகள் சென்னைக்குப் போகும். மதுரைக் கிளை தொடங்கியது 2004 ஜூலையில், அதற்கு முன்பு முடிந்த தஞ்சாவூர் வழக்கு என்றால் கட்டு எங்கே இருக்கிறது என்று விசாரித்துக்கொண்டு புறப்படுங்கள்.

மனுவில் என்ன எழுதுவது

அசல் வழக்கிலேயே இடைக்கால மனுவாக, ஐ.ஏ. என்று சொல்வார்களே, அப்படிப் போட வேண்டும். கூடவே பிரமாணப் பத்திரம். வக்கீல்தான் தயாரிப்பார், ஆனாலும் என்ன போகிறது என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். பிரமாணப் பத்திரம் ஏறக்குறைய இப்படி இருக்கலாம்:

"நான் மேற்படி அசல் வழக்கில் வாதி. வழக்கு சொத்தின் உரிமை விளம்புகைக்காகவும் சுவாதீனத்துக்காகவும் தொடுக்கப்பட்டு, எனக்குச் சாதகமாகத் தீர்ப்பளிக்கப்பட்டது. பிராதின் சொத்து விவரத்திலும், வா.சா.ஆ.1 கிரயப் பத்திரத்திலும், தீர்ப்பின் 7 மற்றும் 12-ஆம் பத்திகளிலும் சர்வே எண் 112/3 என்று சரியாகக் குறிப்பிடப்பட்டுள்ளது. ஆனால் தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில், இரண்டாம் பக்கம் நான்காம் வரியில், தட்டச்சுப் பிழையால் 121/3 என்று பதிவாகியுள்ளது. இது எழுத்துப் பிழை மட்டுமே. இதைத் திருத்துவதால் வழக்கின் தன்மையோ தரப்பினரின் உரிமையோ மாறாது. எதிர்மனுதாரருக்குப் பாதிப்பு இல்லை. எனவே தீர்ப்பாணையில் 121/3 என்று உள்ள இடத்தில் 112/3 என்று திருத்தி, திருத்திய தீர்ப்பாணை வழங்க உத்தரவிடுமாறு வேண்டுகிறேன்."

அவ்வளவு போதும். வழக்கின் முழுக் கதையையும் திரும்ப எழுத வேண்டாம். எதிர்த் தரப்பு எப்படி ஏமாற்றியது, எவ்வளவு கஷ்டப்பட்டீர்கள் என்பதெல்லாம் இதில் வந்தால் ஏதோ புதிதாகக் கேட்கிறார் என்ற எண்ணம் நீதிபதிக்கு வரும். எந்தப் பக்கம், எந்த வரி, இப்போது என்ன இருக்கிறது, என்ன இருக்க வேண்டும், அதற்கு ஆதாரம் கட்டில் எங்கே, இந்த ஐந்தும் இருந்தால் மனு நிற்கும். பிழை நாலைந்து இடத்தில் இருந்தால் கட்டம் போட்டு எதிரெதிரே எழுதிவிடுங்கள், படிக்கிறவருக்கு நிமிடத்தில் விளங்கும்.

எதிர்த் தரப்புக்கு நோட்டீஸ் போகும். எதிர்த் தரப்பு வராமல் வழக்கு ஒருதலைப்பட்சமாக முடிந்திருந்தாலும் அனுப்புவதுதான் பாதுகாப்பு, சொல்லாமல் வாங்கிய திருத்தத்தைப் பிறகு ரத்து செய்யக் கேட்பார்கள். தரப்பில் யாராவது இறந்துபோயிருந்தால் வாரிசுகளைச் சேர்த்துத்தான் போட வேண்டும், இதைக் கவனிக்காமல் விடுவதால்தான் சாதாரண மனுவும் மாதக்கணக்கில் இழுக்கிறது. எதிர்த் தரப்பு வக்கீல் நேர்மையானவராக இருந்தால் ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கொடுத்துவிடுவார், அன்றைக்கே உத்தரவாகவும் வாய்ப்பு உண்டு. ஆட்சேபித்தால் பெரும்பாலும் இரண்டு சொல்வார்கள். இத்தனை வருடம் என்ன செய்தார் என்பது ஒன்று, சட்டத்தில் உள்ள "எந்த நேரத்திலும்" என்பதே அதற்குப் பதில், இருந்தாலும் எப்போது பிழை தெரியவந்தது என்று ஒரு வரி எழுதிவைப்பது நல்லது. சொத்தையே மாற்றுகிறார் என்பது இன்னொன்று. கட்டில் உள்ள ஆவணத்தை எடுத்துக் காட்டினால் அது அடங்கிவிடும். புதிதாக ஆவணம் கொண்டுவந்து நிரூபிக்க வேண்டிய நிலை வந்தால்தான் உங்கள் மனு பலவீனமாகிறது.

தள்ளுபடி ஆனால் இதற்கு நேரடியாக அப்பீல் இல்லை, உயர் நீதிமன்றத்தில் சி.ஆர்.பி., அதாவது உரிமையியல் சீராய்வு மனு போட வேண்டும்.

வக்கீல் வைக்க வசதி இல்லாதவர்கள் தாலுகா சட்டப் பணிகள் குழுவில் கேளுங்கள், கோர்ட் வளாகத்திலேயே இருக்கும். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு இல்லாமல் இலவச வக்கீல் கிடைக்கும். 15100 என்ற எண்ணிலும் விசாரிக்கலாம்.

சிவில் அல்லாத வழக்குகள்

குடும்ப நீதிமன்றத்து விவாகரத்துத் தீர்ப்பாணையில் திருமணத் தேதி தவறி, பாஸ்போர்ட்டுக்கோ மறுமணப் பதிவுக்கோ போகும்போது மாட்டிக்கொள்கிறவர்கள் உண்டு, அங்கேயும் 152-தான். கிரிமினல் வழக்கில் 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 403-ஆவது பிரிவு, அதற்கு முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 362. இரண்டும் சொல்வது ஒன்றே, கையெழுத்தான தீர்ப்பில் எழுத்துப் பிழை, கணக்குப் பிழை தவிர எதையும் தொடக்கூடாது. நுகர்வோர் ஆணையத்தில் மட்டும் ஜாக்கிரதை, 2019-ஆம் வருடச் சட்டத்தின்படி பிழையைச் சொல்லி மறுஆய்வு கேட்க 30 நாள்தான். நடுவர் தீர்ப்பிலும் 1996-ஆம் வருட நடுவர் சட்டத்தின் 33-ஆவது பிரிவில் 30 நாள், தரப்பினர் வேறு காலம் ஒத்துக்கொண்டிருந்தால் தவிர. காலக்கெடு இல்லை என்று சிவில் வழக்கை நினைத்து அங்கே சும்மா இருந்துவிட வேண்டாம்.

உத்தரவு வந்த பிறகு

மனு அனுமதிக்கப்பட்டதோடு வேலை முடியவில்லை. உத்தரவு வேறு, திருத்திய தீர்ப்பாணை வேறு. உத்தரவு வந்தும் தீர்ப்பாணையில் திருத்தம் ஏறாமலே கிடக்கிற கட்டுகள் உண்டு. ஐ.ஏ. உத்தரவின் நகல், திருத்திய தீர்ப்பாணையின் நகல் இரண்டுக்கும் மனுப் போட்டு வாங்குங்கள். வாங்கியதும் நகல் பிரிவின் ஜன்னலை விட்டு நகராமல் அங்கேயே நின்று திருத்திய எண்ணைப் படியுங்கள், மற்ற வரிகளையும் படியுங்கள்.

நிறைவேற்று மனு ஏற்கெனவே நிலுவையில் இருந்தால் அதன் சொத்து விவரத்தையும் திருத்த வேண்டும், இல்லையென்றால் அமீனா கையில் பழைய எண்ணோடுதான் வாரண்ட் போகும். இன்னும் போடவில்லை என்றால் நாட்களை எண்ணிக்கொள்ளுங்கள்: சுவாதீனம் (நிலத்தைக் கையில் பெறுவது), பணம் போன்றவற்றுக்கு நிறைவேற்று மனு போட 12 வருடம், ஒன்றைச் செய்யச் சொல்லும் செயலுறுத்துக் கட்டளைக்கு 3 வருடம்தான். திருத்தம் வாங்கியதால் இந்தக் காலம் புதிதாகத் தொடங்கும் என்று நம்பி இருக்காதீர்கள், முதல் தீர்ப்பு தேதியிலிருந்தே கணக்குப் போடுவதுதான் பத்திரம். பாகப்பிரிவினை வழக்கில் இறுதித் தீர்ப்பாணையை முத்திரைத்தாளில் எழுத வேண்டியிருக்கும், ஆகவே முத்திரைத்தாள் வாங்கிக் கொடுப்பதற்கு முன்பே வரைவைச் சரிபாருங்கள், தாளில் ஏறிய பிறகு திருத்துவது இரட்டைச் செலவு.

பட்டா மாற்றத்துக்கு வட்டாட்சியர் அலுவலகம் போகும்போது பழைய தீர்ப்பாணை, ஐ.ஏ. உத்தரவு, திருத்திய தீர்ப்பாணை மூன்றையும் சேர்த்துக் கொடுங்கள். பழையதை மட்டும் ஏற்கெனவே கொடுத்து மனு நிராகரிக்கப்பட்டிருந்தால் புது மனுவாகவே போடுங்கள், நிராகரித்த உத்தரவின் எண்ணைக் குறிப்பிட்டு. கிராம நிர்வாக அலுவலரும் நில அளவையரும் பார்க்கிற எண் எல்லாக் காகிதத்திலும் ஒன்றாக இருந்தால்தான் சர்வேயர் சங்கிலி உங்கள் வரப்பில் விழும்.